சாந்தோம் மணிக்குக் கீழே

பட்டினப்பாக்கத்தில் என் அத்தை வீட்டில் காலை ஆறு மணிக்குச் சாந்தோம் கோயில் மணி கேட்டதும் பால் அடுப்பில் ஏறும். மாலை ஆறு மணிக்கு அதே மணி கேட்டதும் அத்தை முகம் கழுவி, காமாட்சி விளக்கை ஏற்றுவார். முப்பது வருடமாக இதுதான் நடக்கிறது. காற்று திசை மாறி மணி காதில் விழாத நாளில்தான் சுவரில் இருக்கும் கடிகாரத்தைப் பார்ப்பாராம். "அவங்க சாமிக்கு அடிக்கிறாங்க, நம்ம சாமிக்கு விளக்கேத்துறோம். இதிலே என்னடா இருக்கு?" என்றார் என்னிடம்.

கத்தோலிக்கர்கள் காலை, நண்பகல், மாலை என மூன்று முறை மணியடித்துச் சொல்லும் மூவேளை செபத்துக்கான மணி அது. அத்தைக்கு அந்தப் பெயர் தெரியாது. எனக்கும் அந்தக் கோயிலுக்குள் முதன்முதலாகப் போன அன்று மாலைதான் தெரிந்தது.

தஞ்சாவூர்ப் பக்கத்திலிருந்து சென்னைக்கு எத்தனையோ முறை வந்திருக்கிறேன். வரும்போதெல்லாம் சாந்தோம் நெடுஞ்சாலையில் பேருந்து ஜன்னல் வழியாக அந்த வெள்ளைக் கோபுரத்தைப் பார்த்திருக்கிறேன். இறங்கி உள்ளே போனதில்லை. இந்த முறை ஒரு நண்பர், பழைய இடங்களைச் சுற்றிக்காட்டும் ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியர் ஒருவர் ஒரு குழுவை அழைத்துப்போவதாகச் சொல்லி, என் பெயரையும் சேர்த்துவிட்டார். பத்து மணிக்குக் கோயில் வாசலில் இருக்க வேண்டும். அத்தை வீட்டிலிருந்து நடந்தே போய்விடலாம்.

சாலை வழியாகப் போகாமல் கடலோரமாக நடந்தேன். படகுகள் கரையேறி முடிந்திருந்தன. சங்கராவும் நெத்திலியும் காரப்பொடியும் கூறு கட்டி வைத்திருந்தார்கள். ஒரு படகின் நிழலில் பெரியவர் ஒருவர் கால் விரலில் நூலை மாட்டிக்கொண்டு வலையில் கிழிந்த கண்களைக் கோத்துக்கொண்டிருந்தார். கோயிலுக்கு இப்படியே போகலாமா என்று கேட்டேன். தலையைத் தூக்காமலே கையை நீட்டி, "அதோ நிக்குது பாரு, கூம்பைப் பார்த்துக்கினே போ" என்றார். பிறகு அவரே பேச்சைத் தொடர்ந்தார்.

"எங்க நைனா காலத்துல ஜிபிஎஸ் ஏது தம்பி? பெரிய கூம்பு ஒண்ணு, சின்னக் கூம்பு ஒண்ணு. ரெண்டும் ஒண்ணு மேல ஒண்ணு வந்து நிக்கும். அங்கேருந்து இத்தினி பாகம் தண்ணின்னு கணக்கு. கல்லைப் போட்டா அதே இடம்."

நிலத்தில் நிற்கும் இரண்டு அடையாளங்களை ஒரே கோட்டில் கொண்டுவந்து கடலில் தன் இடத்தைக் குறித்துக்கொள்வது மீனவர்களின் பழைய கலை. அதுவரை அந்தக் கோயிலுக்கு இரண்டு கூம்புகள் இருப்பதையே நான் கவனித்ததில்லை. சாலையிலிருந்து பார்க்கிறவன் கண்ணுக்குப் பெரியதுதான் படும்.

வாசலில் பதினோரு பேர் கூடியிருந்தோம். அழைத்துப்போக வந்தவருக்கு எழுபது வயதுக்கு மேல் இருக்கும். வெள்ளைச் சட்டை, கையில் ஒரு துணிப்பை, அதற்குள் குடையும் தண்ணீர் பாட்டிலும். எல்லோரையும் நிழலுக்கு வரச் சொல்லிவிட்டு முதலில் ஒரு சொல்லை விளக்கினார். கதீட்ரல் என்றால் பெரிய கோயில் என்று பலரும் நினைக்கிறார்கள். அளவுக்கும் அந்தப் பெயருக்கும் தொடர்பில்லை. கிரேக்கத்தில் 'கதெட்ரா' என்றால் இருக்கை. ஆயரின் இருக்கை எந்தக் கோயிலில் இருக்கிறதோ அதுதான் கதீட்ரல் என்றார். மயிலாப்பூருக்கு அந்த இருக்கை 1606-ல் வந்தது. திருத்தந்தை ஐந்தாம் பவுல் அப்போது மயிலை மறைமாவட்டத்தை ஏற்படுத்தினார். சென்னைக்கு ஜார்ஜ் கோட்டையைக் கொண்டுவந்த ஆங்கிலேயர்கள் இந்தக் கரையில் இறங்க அதற்குப் பிறகும் முப்பது ஆண்டுகளுக்கு மேல் இருந்தது. கோயில் நிற்கும் இந்தப் பகுதியின் பெயரே போர்த்துக்கீசியர் தந்ததுதான். புனித தோமாவை அவர்கள் சொன்ன 'சான் தோமே' நம் வாயில் சாந்தோம் ஆகிவிட்டது.

இப்போது நிற்கும் கட்டடம் போர்த்துக்கீசியர் கட்டியது என்று நானும் நினைத்திருந்தேன். அவர்கள் 16-ஆம் நூற்றாண்டில் கட்டிய கோயில் 1893-ல் இடிக்கப்பட்டது. ஆயர் ஹென்றிக் ஜோசே ரீட் த சில்வா காலத்தில், கேப்டன் ஜே. ஏ. பவர் என்ற பொறியாளரின் வரைபடத்தின்படி புதிதாக எழுப்பி, 1896 ஏப்ரல் 1-ஆம் தேதி திருநிலைப்படுத்தினார்கள். ஐரோப்பாவில் இடைக்காலத்துக் கோதிக் பாணியை 19-ஆம் நூற்றாண்டில் மறுபடி எடுத்துக் கட்டினார்களே, அந்த வகை. கூரான வளைவுகள், மேல்நோக்கி ஒடுங்கும் கோபுரம். பெரிய கூம்பின் உயரம் 155 அடி. நம் ஊர்க் கோயில் கோபுரம் தளம் தளமாக, உருவம் உருவமாக நின்று நின்று மேலே போகும். இது எங்கேயும் நிற்காமல் போகிறது. கழுத்தை வளைத்துப் பார்த்தபோது வெயிலில் அந்த வெள்ளை கண்ணைக் கூசவைத்தது.

"சின்னக் கூம்பு எங்கே சார்?" என்று கேட்டேன். ஆசிரியர் சற்று ஆச்சரியத்தோடு என்னைப் பார்த்தார். "அதை யாரும் கேட்க மாட்டாங்களே! வாங்க" என்று பக்கவாட்டில் அழைத்துப்போனார். கட்டடத்தின் நடுப்பகுதியில், கூரைக்கு மேலே, அந்த இரண்டாவது கூம்பு நின்றது. அது அழகுக்காக வைத்தது இல்லையாம். அதற்கு நேர் கீழே தரைக்கு அடியில்தான் தோமாவின் கல்லறை இருக்கிறது. புதிய கோயிலைக் கட்டும்போது கல்லறை கட்டடத்தின் நடுவில் வரும்படி அமைத்து, அந்த இடம் வெளியிலிருந்தும் தெரிய வேண்டும் என்று இந்தச் சின்னக் கூம்பை எழுப்பினார்கள்.

காலையில் பெரியவர் சொன்னதை அவரிடம் சொன்னேன். அவர் கொஞ்ச நேரம் பேசவில்லை. "முப்பது வருஷமா இங்கே ஆட்களைக் கூட்டிட்டு வர்றேன். இது எனக்குத் தெரியாது தம்பி" என்றார். கல்லறைக்கு அடையாளமாக வைத்த கூம்பு, அது எதற்காக என்று அறியாதவர்களுக்கும் கடலில் வழி சொல்லியிருக்கிறது.

மணிக்கூண்டில் ஏறலாம் என்ற ஆசையோடு வந்த இளைஞர்கள் இருவர் இருந்தார்கள். அன்று எங்களை மேலே ஏற்றவில்லை. படிகள் குறுகல், வேண்டாம் என்றார்கள். இளைஞர்களின் முகம் வாடிவிட்டது. அவர்களுக்கு ஆசிரியர் சொன்னதையே உங்களுக்கும் சொல்கிறேன். சென்னையில் மணிகளுக்குப் பேர்போன இடம் என்றால் பாரிமுனைக்கு அருகே, ஆர்மீனியன் தெருவில் இருக்கும் ஆர்மீனியத் தேவாலயம். அங்கே மணிக்கூண்டு கோயிலோடு ஒட்டாமல் தனியாக நிற்கும். உள்ளே ஆறு மணிகள். அவற்றில் இரண்டு 1837-ல் லண்டனில் தாமஸ் மியர்ஸ் பட்டறையில் வார்த்து வந்தவை. ஒரு மணியில் தமிழ் எழுத்தும் உண்டு. சில வருடங்களுக்கு முன்பு ஒரு ஞாயிற்றுக்கிழமை நான் அந்த முற்றத்தில் நின்று கேட்டிருக்கிறேன். மணி அடித்து ஓய்ந்த பிறகும் ரீங்காரம் சுவரில் கொஞ்ச நேரம் தங்கியிருந்தது.

மணிக்கான உலோகம் எங்கும் ஏறக்குறைய ஒன்றுதான். நாலு பங்கு செம்பு, ஒரு பங்கு தகரம். நம் வெண்கலமும் அந்தக் குடும்பம்தான். தகரம் குறைந்தால் ஓசை மந்தமாகிவிடும், கூடினால் மணி எளிதில் விரிசல் விட்டுவிடும். லண்டன் பட்டறைக்காரருக்கும் நம் ஊர்க் கன்னாருக்கும் தெரிந்திருந்தது இந்த ஒரே கணக்குதான்.

உள்ளே போனோம். வழிபாடு எதுவும் நடக்காத நேரம். மரப் பலகைகளில் ஆங்காங்கே சிலர் மண்டியிட்டிருந்தார்கள். நிறக்கண்ணாடிச் சாளரத்தில் தோமா இயேசுவின் முன் நிற்கும் காட்சி. உயிர்த்தெழுந்தவரின் காயத்தைத் தொட்டுப் பார்க்காமல் நம்ப மாட்டேன் என்று சொன்ன சீடர் அவர். பீடத்தில் இயேசு தாமரை மேல் நிற்கிறார். இரண்டு பக்கமும் மயில்கள். மயிலாப்பூர் அல்லவா! உமையம்மை மயிலுருவில் சிவனைப் பூசித்த ஊர் என்று ஸ்தல புராணம் சொல்லும் இடத்தில், கிறிஸ்துவின் பக்கத்திலும் மயிலைத்தான் நிறுத்த வேண்டும் என்று யாருக்கோ தோன்றியிருக்கிறது. அந்த யோசனை எனக்கு மிகவும் பிடித்தது.

மயிலை மாதா சுரூபத்தின் முன்னால் ஒரு நிமிடம் நின்றோம். மூன்றடி உயர மரச் சிலை, 1543-ல் போர்ச்சுகலிலிருந்து கப்பலில் வந்தது. 1545-ல் புனித பிரான்சிஸ் சவேரியார் மயிலையில் சில மாதங்கள் தங்கியபோது இந்த மாதாவின் முன்னால்தான் செபித்தார் என்பார்கள். சேலை கட்டிய ஒரு பாட்டி மாதாவுக்கு மல்லிகைச் சரம் கொண்டுவந்திருந்தார்.

கல்லறைக்கு வழி கோயிலுக்குப் பின்னால். மேலே பூசை நடக்கும்போது யாத்திரிகர்கள் குறுக்கே போகாதிருக்கத் தனி வாசல் வைத்திருக்கிறார்கள். படியிறங்கினால் சிறிய ஓர் அறை. பேச்சு தானாகவே நின்றுவிடுகிறது. பீடத்துக்குக் கீழே கண்ணாடிக்குப் பின்னால் தோமா படுத்திருக்கும் உருவம்.

கி.பி. 52-ல் சேரநாட்டுக் கரையில் முசிறிப் பக்கம் இறங்கிய தோமா, பிறகு மயிலைக்கு வந்து போதித்தார் என்றும், 72-ல் பரங்கிமலையில் ஈட்டியால் குத்துண்டு இறந்தார் என்றும், உடலை இங்கே அடக்கினார்கள் என்றும் கிறிஸ்தவ மரபு சொல்கிறது. இயேசுவின் சீடர் ஒருவரின் கல்லறை மேல் எழுந்த கோயில்கள் என்று உலகில் மூன்றைத்தான் சொல்வார்கள். ரோமில் இராயப்பர், ஸ்பெயினின் சந்தியாகோவில் யாகப்பர், இங்கே தோமையார். ஆனால் எலும்புகள் நெடுநாள் இங்கே இருக்கவில்லை. பழங்காலத்திலேயே பெரும்பகுதியை இன்றைய துருக்கியில் இருக்கும் எதெஸ்ஸாவுக்குக் கொண்டுபோனார்கள். அங்கிருந்து கியோஸ் தீவுக்கும், 1258-ல் இத்தாலியின் ஒர்த்தோனாவுக்கும் போயின. இன்றும் அங்கே ஒரு பேராலயத்தில் இருக்கின்றன. மயிலையில் இருப்பது ஒரு சிறு எலும்புத் துண்டும் ஈட்டி முனையும். வரலாற்று ஆய்வாளர்கள் தோமாவின் தென்னிந்தியப் பயணத்தைப் பற்றி இன்னும் வாதாடிக்கொண்டிருக்கிறார்கள். ஆசிரியர் இரண்டு பக்கத்தையும் ஒளிக்காமல் சொன்னார். பதினோரு பேரில் நாலைந்து பேர் கத்தோலிக்கர்கள். அவர்களும் தலையாட்டிக் கேட்டார்கள்.

உடலே பெரும்பாலும் இல்லாத கல்லறைக்கு மக்கள் ஏன் வந்துகொண்டே இருந்தார்கள்? 13-ஆம் நூற்றாண்டின் இறுதியில் இந்தக் கரையைப் பற்றி எழுதிய மார்க்கோ போலோ இரண்டு செய்திகளைக் குறித்திருக்கிறார். ஒன்று, இங்கே கிறிஸ்தவர்களோடு முஸ்லிம்களும் யாத்திரை வருகிறார்கள் என்பது. மற்றொன்று, புனிதர் இறந்த இடத்துச் செம்மண்ணை எடுத்துப்போய்த் தண்ணீரில் கரைத்துக் காய்ச்சல்காரருக்குக் கொடுக்கிறார்கள் என்பது. திருநீற்றையும் தர்காவில் ஓதிய தண்ணீரையும் அறிந்த நமக்கு இதில் விளக்கம் தேவைப்படாது.

அதற்கு இருநூறு ஆண்டுகளுக்குப் பின், போர்த்துக்கீசியர் இங்கே நிலைகொள்வதற்குச் சற்று முன்பு, துவார்த்தே பர்போசா என்ற போர்த்துக்கீசியர் எழுதிய குறிப்பில் கோயில் பாழடைந்து கிடக்கிறது. ஆனால் கல்லறையில் விளக்கு எரிகிறது. அந்த விளக்கை எரியவைத்துக்கொண்டிருந்தவர் ஓர் ஏழை முஸ்லிம். வருகிறவர்களிடம் பிச்சை வாங்கி எண்ணெய் ஊற்றியிருக்கிறார்.

ஆசிரியர் இதைச் சொல்லிவிட்டு மேலே பேசாமல் நிறுத்திக்கொண்டார். எனக்குத் தொண்டை அடைத்தது. அந்த மனிதரின் பெயர் எங்கும் இல்லை. 1523-ல் தோண்டிப் பார்த்து எலும்புகளையும் ஈட்டி முனையையும் மண் நிரம்பிய ஒரு கலத்தையும் எடுத்தவர்களின் வாக்குமூலம் இருக்கிறது. ஆயர்களின் பெயர் இருக்கிறது. கட்டியவரின் பெயர் இருக்கிறது. 1956-ல் இந்தக் கோயிலைப் பசிலிக்காவாக உயர்த்தியவர் திருத்தந்தை பன்னிரண்டாம் பத்திநாதர். 1986 பிப்ரவரி 5-ஆம் தேதி திருத்தந்தை இரண்டாம் அருள் சின்னப்பர் இங்கே வந்து செபித்ததும் எல்லோரும் அறிந்தது. இத்தனைக்கும் முன்னால், கவனிப்பார் யாருமில்லாத காலத்தில் இந்த இடத்தை அணையாமல் காத்தவர் அந்த விளக்குக்காரர். அவருக்கு ஒரு சின்னக் கல்லாவது இங்கே வைக்க வேண்டும் என்று மனதார விரும்புகிறேன்.

நாங்கள் நின்றுகொண்டிருக்கும்போதே ஒரு தாய் கைக்குழந்தையோடு இறங்கி வந்தார். கழுத்தில் மஞ்சள் கயிறு, நெற்றியில் குங்குமம். குழந்தையின் உள்ளங்கையை எடுத்துக் கண்ணாடி மேல் வைத்து, அந்தக் கையையே எடுத்து அதன் நெற்றியில் ஒற்றினார். குழந்தை கண்ணாடியில் தெரிந்த தன் முகத்தைப் பார்த்துச் சிரித்தது. காய்ச்சலா, நேர்ச்சையா, நான் கேட்கவில்லை.

அடுத்து, கோயில் வளாகத்தில் இருக்கும் அருங்காட்சியகத்தில் எல்லோரும் ஓடியோடிப் பார்த்துவிட்டு வெளியே போனார்கள். நான் கல்வெட்டுத் துண்டுகளின் முன்னால் நின்றுவிட்டேன். 1920-களில் ஹோஸ்டன் என்ற பெல்ஜிய நாட்டு சேசு சபைக் குரு இந்த வளாகத்தையும் சுற்றுப்புறத்தையும் ஆராய்ந்து பழம்பொருட்களைத் திரட்டினார். அந்தக் காலத்தில் இங்கே கிடைத்தவற்றில் தமிழ்க் கல்வெட்டுத் துண்டுகளும் உண்டு. பழைய கபாலீசுவரர் கோயில் கடலோரத்தில் இருந்தது என்பது மயிலாப்பூரில் வழிவழியாகச் சொல்லப்படுவது. திருஞானசம்பந்தர் மயிலையைக் கடலலை தொட்டுக்கொண்டிருக்கும் ஊராகவே பாடியிருக்கிறார். குளத்தோடு நாம் இன்று பார்க்கும் கபாலி கோயில் பின்னாளில் எழுந்தது. உடைந்த அந்தக் கற்கள் எந்தக் கோயில் சுவரில் இருந்தவை என்று நினைக்கும்போது மனம் கனக்கிறது.

ஒரு கல்லை நெருங்கிப் பார்த்தேன். வரி தொடங்கும் இடமும் உடைந்திருக்கிறது, முடியும் இடமும் உடைந்திருக்கிறது. நடுவில் உளி வெட்டிய பள்ளங்களில் நூற்றாண்டுக் கணக்கில் அழுக்கு இறங்கிக் கறுத்திருந்தது. நாலைந்து எழுத்துகளை என்னால் கூட்ட முடிந்தது, பொருள் பிடிபடவில்லை. தஞ்சைப் பெரிய கோயில் சுவரில் விரல் வைத்துத் தடவிப் பழகியவன் நான். அதே கை, அதே உளி போலத்தான் இருந்தது. போர்த்துக்கீசியர் காலத்தில் இந்தக் கரையில் நடந்த கோயில் இடிப்புகளை மறைக்க வேண்டியதும் இல்லை, அதை வைத்து இன்று யாரையும் பழிக்க வேண்டியதும் இல்லை. அந்தக் கற்களை எடுத்து வைத்து ஆராய்ந்தவர் ஒரு கத்தோலிக்கக் குரு என்பதையும் சேர்த்தே நினைக்க வேண்டும். சாந்தோமைச் சுற்றிக்காட்டுகிற எவரும் பெரிய கூம்பைக் காட்டும் அதே அக்கறையோடு இந்தக் கற்களையும் காட்ட வேண்டும் என்பது என் உறுதியான எண்ணம்.

கடைசியாகக் கோயிலுக்குப் பின்புறம், கடல் பக்கம் இருக்கும் தோமையார் கம்பத்துக்குப் போனோம். யாராலும் நகர்த்த முடியாமல் கடலோரம் கிடந்த ஒரு மரத்தைத் தோமையார் தன் இடைக்கச்சையால் இழுத்துவந்து நட்டு, கடல் இதைத் தாண்டாது என்று சொன்னதாகக் கதை. 2004 டிசம்பர் 26-ஆம் தேதி ஆழிப்பேரலை வந்தபோது கோயிலுக்குள் தண்ணீர் ஏறவில்லை. அன்றிலிருந்து அந்தக் கம்பத்தின் முன்னால் கும்பிடுகிறவர்கள் கூடிவிட்டார்கள்.

அதே அலைதான் பட்டினப்பாக்கம் சீனிவாசபுரத்துக்குள் புகுந்து வீடுகளை வாரிக்கொண்டு போனது. அத்தை அன்று மாடியிலிருந்து பார்த்ததை இன்றுவரை முழுதாகச் சொன்னதில்லை. "தண்ணி கறுப்பா வந்துச்சு" என்பார், அதோடு எழுந்து உள்ளே போய்விடுவார். உயிர் தப்பியவர்கள் பலர் ஓடிவந்து தஞ்சம் புகுந்தது இந்தக் கோயில் வளாகத்தில்தான். அவர்களில் எல்லா மதத்தாரும் இருந்தார்கள். கம்பத்தின் மகிமையைப் பேசுகிறவர்கள் இதையும் பேச வேண்டும். கதவு திறந்திருந்ததும் மகிமைதான்.

சுற்றிப்பார்த்து முடிய ஒரு மணி ஆகிவிட்டது. ஆசிரியருக்கு எல்லோருமாகச் சேர்ந்து இளநீர் வாங்கிக் கொடுத்தோம். அவர் என்னைத் தனியே கூப்பிட்டு, வலை கோத்த பெரியவரை எங்கே பார்த்தேன் என்று விசாரித்தார். நாளைக் காலையில் போய்ப் பார்க்கப் போகிறாராம்.

மாலையில் அத்தை வீட்டு மொட்டைமாடியில் நின்றேன். ஆறு மணிக்கு மணி கேட்டது. கீழே அத்தை விளக்கேற்றும் தீக்குச்சி உரசும் ஓசையும் கேட்டது. விளக்குக்காரரைப் பற்றி அத்தையிடம் சொன்னேன். "எண்ணெய் யாரு வாங்கிக் கொடுத்தா அவருக்கு?" என்று கேட்டார். பிச்சை எடுத்து வாங்கினார் என்றேன். திரியைத் தூண்டிவிட்டு, கொஞ்சம் எண்ணெய் கூடுதலாக ஊற்றினார்.

சென்னைக்கு வரும் உறவினர்களை மெரினாவோடு திருப்பி அனுப்பிவிடாதீர்கள். ஒரு காலைப் பொழுதை ஒதுக்கி, பட்டினப்பாக்கத்தில் இறங்கிக் கடலோரமாகவே சாந்தோமுக்கு நடத்திக் கூட்டிப்போங்கள். விவரம் தெரிந்த ஒருவரைத் துணைக்கு வைத்துக்கொள்ளுங்கள். சின்னக் கூம்பைக் காட்டச் சொல்லுங்கள், கல்லறையில் கொஞ்ச நேரம் உட்காருங்கள், தமிழ்க் கல்வெட்டுத் துண்டுகளைப் பார்க்காமல் வெளியே வராதீர்கள்.